தவறான கடவுச்சொல் கோப்பைத் திறக்கிறது, சரியான கடவுச்சொல் திறக்க மறுக்கிறது: ஏஇஎஸ் மறைநீக்கப் பிழைகளை எப்படிக் கையாள்வது?

கேள்வி: அம்பை மண்டிக்கணக்கு

அனைவருக்கும் வணக்கம். அம்பாசமுத்திரம் வட்டாரத்தில் நெல் கொள்முதல் செய்யும் ஒரு மண்டியின் கணக்கு நிரலைப் பராமரித்து வருகிறேன். நிரலை எழுதியவர் வேறு வேலைக்குச் சென்றுவிட்டார். ஜாவாவில் எழுதப்பட்ட அந்த நிரல் இப்போது என் பொறுப்பில் இருக்கிறது. கார் அறுவடை முடிந்ததும் ஒரு முறை, பிசான அறுவடை முடிந்ததும் ஒரு முறை, முழுக் கணக்கையும் ஒரே கோப்பாக்கி, கடவுச்சொல்லால் மறையாக்கம் செய்து, பென் டிரைவில் பாளையங்கோட்டையில் உள்ள தணிக்கையாளருக்கு அனுப்புவது வழக்கம்.

நிரல் பயன்படுத்துவது ஏஇஎஸ் என்ற மறையாக்க முறை; தரவை 16 பைட்டுத் தொகுதிகளாக்கி, ஒவ்வொன்றையும் முந்தையதுடன் பிணைக்கும் சிபிசி பாங்கில் அது இயங்குகிறது. கடவுச்சொல்லை ஷா-256 என்ற சுருக்கமுறை (எந்தத் தரவையும் 32 பைட்டு அடையாளமாக மாற்றுவது) வழியாக ஒரு முறை சுருக்கி, வரும் 32 பைட்டுகளையே சாவியாக எடுத்துக்கொள்கிறது. மறைநீக்கம் செய்யும் பகுதி முழுவதும் பிழைகளைப் பிடிக்கும் ஒரே டிரை-கேட்ச் கட்டுக்குள் இருக்கிறது. எந்த எக்ஸெப்ஷன், அதாவது பிழை அறிவிப்பு, எழுந்தாலும் "கடவுச்சொல் தவறு" என்ற ஒரே செய்தியைக் காட்டிவிட்டு நின்றுவிடும்.

எனக்கு மூன்று சிக்கல்கள் உள்ளன. முதலாவது, கோப்பு பாதியில் அறுந்திருந்தாலும், கடவுச்சொல்லில் ஓர் எழுத்து மாறியிருந்தாலும் அதே செய்திதான் வருகிறது. பணியாளர் சரியான கடவுச்சொல்லைத் திரும்பத் திரும்ப அடித்துப் பார்த்துச் சலித்துப்போகிறார். இரண்டாவது, ஒரு முறை தவறான கடவுச்சொல் கொடுத்தபோது எந்தப் பிழையும் எழாமல், குப்பை எழுத்துகள் நிறைந்த ஒரு கோப்பு உருவாகி, அது கணக்கிலும் ஏறிவிட்டது. மூன்றாவது, பழைய கணினியை மாற்றிப் புதிய கணினியில் ஜாவா 21 நிறுவிய பிறகு, பழைய கோப்புகளுக்குச் சரியான கடவுச்சொல்லைக் கொடுத்தாலும் "கடவுச்சொல் தவறு" என்றே வருகிறது. அதே கோப்பு பழைய கணினியில் அதே கடவுச்சொல்லுக்குத் திறக்கிறது.

தவறான கடவுச்சொல்லை உறுதியாகக் கண்டறிந்து, பணியாளருக்குப் புரியும்படி சொல்லுவதற்கு முறையான வழி என்ன?

பதில்: பேட்டை நிரலர்

வணக்கம். உங்கள் இரண்டாவது சிக்கலிலிருந்து தொடங்குகிறேன். அது புரிந்துவிட்டால் முதலாவதும் தானே விளங்கும்.

தவறான சாவியைக் கொடுத்தால் பூட்டு திரும்பாது என்பது நம் அன்றாட அனுபவம். ஏஇஎஸ் அப்படிப்பட்ட பூட்டு அன்று. எந்த 32 பைட்டுகளைச் சாவியாகக் கொடுத்தாலும் அது மறுப்பின்றி வேலை செய்து, ஏதோ ஒரு 16 பைட்டுத் தொகுதியை வெளியே தரும். சாவி சரியா, தவறா என்பதை அறிவதற்கு அதனிடம் எந்த ஆதாரமும் இல்லை. அப்படியானால் இதுவரை உங்களுக்கு வந்த பிழை எங்கிருந்து வந்தது என்றால், அது பேடிங்கிலிருந்து வந்தது. கோப்பின் நீளம் 16-இன் மடங்காக இல்லாதபோது, குறையும் பைட்டுகளின் எண்ணிக்கையையே மதிப்பாகக் கொண்ட பைட்டுகளை இறுதியில் நிரப்புகிறார்கள். ஒரு பைட்டு குறைந்தால் 1 என்ற மதிப்பு ஒரு முறை, ஐந்து குறைந்தால் 5 என்ற மதிப்பு ஐந்து முறை. நீளம் மடங்காகவே இருந்தால் 16 என்ற மதிப்பு 16 முறை. மறைநீக்கத்தின் முடிவில் இந்த ஒழுங்கு தென்படாவிட்டால் ஜாவா பேட்பேடிங் எக்ஸெப்ஷனை எழுப்புகிறது.

தவறான சாவியால் வெளிவரும் கடைசித் தொகுதி ஏறத்தாழ தற்செயலான பைட்டுகளே. அதன் கடைசி பைட்டு 1 ஆக அமைந்துவிட்டால் போதும், பேடிங் சரியாக இருக்கிறது என்று நூலகம் ஏற்றுக்கொள்ளும். கடைசி இரண்டும் 2 ஆக அமைவது போன்ற அரிய வாய்ப்புகளையும் சேர்த்தால், ஏறக்குறைய 256 தவறான கடவுச்சொற்களில் ஒன்று பிழையே எழுப்பாமல் கடந்துவிடும். உங்கள் கணக்கில் ஏறிய குப்பைக் கோப்பு அப்படி வந்ததுதான். நிரலில் புதிதாக ஏதும் கெட்டுப்போகவில்லை. இந்த முறையின் இயல்பே அது. ஆகவே பேட்பேடிங் எக்ஸெப்ஷனைக் கடவுச்சொல் சோதனையாகப் பயன்படுத்தும் எந்த நிரலும் என்றாவது ஒரு நாள் இப்படி ஏமாறும்.

அதைவிடக் கவலைக்குரியது, கோப்பின் நடுவில் நேரும் சிதைவு. சிபிசி பாங்கில் ஒரு தொகுதியில் ஒரு பிட் மாறினால், அந்தத் தொகுதியின் 16 பைட்டுகளும் குப்பையாகும். அடுத்த தொகுதியில் அதே இடத்தில் அந்த ஒரு பிட் மட்டும் மாறும். மற்றவை அனைத்தும் சரியாகவே இருக்கும். கடைசித் தொகுதி பாதிக்கப்படாததால் பேடிங்கும் சரியாகவே இருக்கும். "1" என்ற இலக்கத்தின் குறியீட்டு எண் 49, "9" என்பதன் எண் 57. இரண்டுக்கும் வேறுபாடு ஒரே ஒரு பிட். எனவே ஒரு விவசாயிக்குத் தரவேண்டிய 1,400 ரூபாய், எந்த எச்சரிக்கையும் இல்லாமல் 9,400 ரூபாயாக மாறக்கூடும். அதற்கு முந்தைய 16 பைட்டுகள் பெயர்க் கட்டத்திலோ குறிப்புக் கட்டத்திலோ விழுந்தால், அங்கே தெரியும் குப்பையை எழுத்துருக் கோளாறு என்று எண்ணி யாரும் கடந்துபோய்விடுவார்கள். தமிழில் கணக்கு வைத்திருப்பவர்களுக்கு இந்த ஆபத்து கூடுதலாகவே உண்டு, ஏனெனில் எழுத்து உடைந்து தெரிவது நமக்குப் பழகிப்போன காட்சி.

முதல் சிக்கலுக்கு வருகிறேன். எல்லா எக்ஸெப்ஷனையும் ஒரே வலையில் பிடிப்பதால் கிடைக்கும் தகவலும் தொலைகிறது. இல்லீகல் பிளாக் சைஸ் எக்ஸெப்ஷன் வந்தால், மறையாக்கப்பட்ட தரவின் நீளம் 16-இன் மடங்காக இல்லை என்று பொருள். அது கோப்பு அறுந்ததன் அடையாளமே தவிர, கடவுச்சொல்லுக்கும் அதற்கும் தொடர்பில்லை. இன்வேலிட் கீ எக்ஸெப்ஷன் வந்தால் சாவியின் நீளம் பொருந்தவில்லை. அது நிரலரின் பிழை, பயனரிடம் சொல்லிப் பயனில்லை. அதேபோல், திறந்த கோப்பில் முதல் 16 பைட்டுகள் மட்டும் குப்பையாகவும் மற்றவை ஒழுங்காகவும் இருந்தால், கடவுச்சொல் சரி, முதல் தொகுதியுடன் கலக்கப்படும் தொடக்க வெக்டார் மட்டுமே தவறு என்று உறுதியாகச் சொல்லலாம். இவற்றைத் தனித்தனியாகப் பிடித்தாலே பணியாளரின் அலைச்சல் பாதி குறையும்.

பதில்: தென்காசிச் சாரல்

பேட்டை நிரலர் அண்ணாச்சி நோயைச் சரியாகச் சொல்லிவிட்டார். மருந்து, சிபிசியை விட்டு ஜிசிஎம் போன்ற, தரவின் நம்பகத்தையும் சேர்த்தே சோதிக்கும் பாங்குக்கு மாறுவதுதான். அமெரிக்காவின் தரநிர்ணய நிறுவனமான நிஸ்ட் 2007-இல் ஜிசிஎம்மை வரையறுத்து வெளியிட்டது. ஜாவா 7 முதலே அதற்கான வகுப்புகள் உள்ளன. மறையாக்கத்தின் முடிவில் 128 பிட் நீளமுள்ள ஒரு டேக், அதாவது சரிபார்ப்பு முத்திரை, கணக்கிடப்பட்டுத் தரவுடன் சேர்கிறது. மறைநீக்கத்தின்போது அந்த டேக் பொருந்தாவிட்டால் ஏஇஏடி பேட் டேக் எக்ஸெப்ஷன் எழும். தவறான கடவுச்சொல் தற்செயலாகக் கடந்துவிடும் வாய்ப்பு 256-க்கு ஒன்று என்ற நிலையிலிருந்து, நடைமுறையில் இல்லவே இல்லை என்ற நிலைக்கு வந்துவிடும். நடுவில் ஒரு பிட் மாறினாலும் கோப்பு முழுவதும் நிராகரிக்கப்படும். பணக் கணக்குக்கு இதைவிடக் குறைந்த பாதுகாப்பை நான் ஏற்கமாட்டேன்.

ஜாவாவில் கவனிக்கவேண்டிய ஓர் இடம் உண்டு. ஏஇஏடி பேட் டேக் எக்ஸெப்ஷன் என்பது பேட்பேடிங் எக்ஸெப்ஷனின் கிளை வகுப்பு. எனவே கிளையை முதலில் பிடிக்கவேண்டும். சைபர் இன்புட் ஸ்ட்ரீம் வகுப்பை மறைநீக்கத்துக்குப் பயன்படுத்தாதீர்கள். நம்பகச் சோதனையில் எழும் எக்ஸெப்ஷன்களை அது விழுங்கிவிடக்கூடும் என்று ஜாவாவின் ஆவணமே எச்சரிக்கிறது. கோப்பைப் படித்து, மறைநீக்கத்தை முடித்துவைக்கும் டூஃபைனல் அழைப்பு பிழையின்றி முடிந்த பிறகே வெளிவந்த தரவைத் தொடவேண்டும். வட்டில் எழுதுவதாக இருந்தால், தற்காலிகப் பெயரில் எழுதி, எல்லாம் முடிந்தபின் உண்மைப் பெயருக்கு மாற்றுங்கள். பாதி எழுதிய கோப்பு கணக்கில் ஏறுவதற்கு அதன்பின் வழியே இருக்காது.

கடவுச்சொல்லை ஷா-256 வழியாக ஒரு முறை மட்டும் சுருக்கிச் சாவியாக்குவது போதாது. அது மிக விரைவான கணிப்பு என்பதால், கோப்பைக் கைப்பற்றியவர் ஒரு நொடியில் எண்ணற்ற கடவுச்சொற்களை முயன்றுபார்க்க முடியும். கடவுச்சொல்லை வேண்டுமென்றே மெதுவாகச் சாவியாக்கும் பிபிகேடிஎஃப்2 அல்லது ஆர்கான்2 பயன்படுத்துங்கள். முன்னதற்கு ஷா-256 உடன் 6,00,000 சுற்றுகள் வேண்டும் என்று மென்பொருள் பாதுகாப்புக்கான ஓவாஸ்ப் அமைப்பு பரிந்துரைக்கிறது. பின்னது 2015-இல் கடவுச்சொல் சுருக்கத்துக்கான போட்டியில் வென்றது. ஜாவாவின் உடன்வரும் நூலகத்தில் இருப்பது பிபிகேடிஎஃப்2 மட்டுமே என்பதால், வெளி நூலகம் சேர்க்க இயலாவிட்டால் அதையே வைத்துக்கொள்ளலாம்.

இங்கேதான் பலர் கோட்டைவிடும் ஒரு நுட்பம் இருக்கிறது. சுற்றுகளின் எண்ணிக்கை, சால்ட் (கடவுச்சொல்லுடன் கலக்கும் தற்செயல் பைட்டுகள்), நான்ஸ் (ஒரே சாவியுடன் ஒரு முறை மட்டும் பயன்படவேண்டிய எண்), எந்தச் சுருக்கமுறை, எந்தப் பதிப்பு ஆகிய அனைத்தையும் கோப்பின் தலைப்பகுதியில் எழுதிவையுங்கள். எழுதாமல் நிரலுக்குள் மட்டும் வைத்திருந்தால், நாளை யாராவது சுற்றுகளைக் கூட்டியதும் பழைய கோப்புகள் அனைத்தும் "கடவுச்சொல் தவறு" என்று மறுக்கப்படும். ஓப்பன்எஸ்எஸ்எல் என்ற மறையாக்க மென்பொருள் 2016-இல் தன் 1.1.0 பதிப்பில், கடவுச்சொல்லிலிருந்து சாவி உருவாக்கும் இயல்பான சுருக்கமுறையை எம்டி5-இலிருந்து ஷா-256-க்கு மாற்றியபோது இதுதான் நடந்தது. பழைய பதிப்பில் மறையாக்கிய கோப்புகள், புதிய பதிப்பில் மிகச் சரியான கடவுச்சொல்லுக்கும் திறக்க மறுத்தன. எந்தச் சுருக்கமுறை என்ற குறிப்பு கோப்பில் இல்லாததால், மென்பொருளாலும் காரணத்தைச் சொல்ல முடியவில்லை.

தலைப்பகுதி முழுவதையும் ஜிசிஎம்மின் கூடுதல் தரவாக (மறையாக்கப்படாமல் டேக் கணக்கில் மட்டும் சேர்வது) கொடுத்துவிட்டால், அதில் யாராவது கைவைத்தாலும் டேக் பொருந்தாது. ஆனால் சுற்றுகளின் எண்ணிக்கையை டேக் சோதனைக்கு முன்பே படித்தாகவேண்டும் என்பதால், அதற்கு ஓர் உச்சவரம்பு வையுங்கள். இல்லையென்றால் சிதைந்த தலைப்பு ஒன்று பல கோடிச் சுற்றுகளைக் கேட்டு நிரலை உறையச் செய்துவிடும். நான்ஸ் 96 பிட் நீளம். ஒரே சாவியுடன் ஒரே நான்ஸை இருமுறை பயன்படுத்தினால் ஜிசிஎம்மின் பாதுகாப்பே சரிந்துவிடும் என்பதால், ஒவ்வொரு கோப்புக்கும் சால்ட்டையும் நான்ஸையும் புதிதாக, பாதுகாப்பான தற்செயல் எண்ணாக்கியிலிருந்து எடுங்கள்.

ஒன்றை மட்டும் தெளிவாகப் புரிந்துகொள்ளவேண்டும். டேக் பொருந்தவில்லை என்றால், கடவுச்சொல் தவறா, கோப்பு சிதைந்ததா என்பதை அந்தப் பிழையால் பிரித்துச் சொல்ல முடியாது. பிரித்தறிய எளிய வழி ஒன்று உண்டு. மறையாக்கம் முடிந்த கோப்பின் மீது, அதாவது யாரும் பார்க்கக்கூடிய மறையாக்கத் தரவின் மீது, ஒரு ஷா-256 சுருக்கத்தைக் கணக்கிட்டு இறுதியில் சேர்த்துவிடுங்கள். திறக்கும்போது கடவுச்சொல் கேட்பதற்கு முன்பே அதைச் சோதியுங்கள். அது பொருந்தாவிட்டால் கோப்பு பென் டிரைவிலோ நகலெடுக்கும்போதோ சிதைந்திருக்கிறது. பணியாளரிடம் கடவுச்சொல் கேட்கவே வேண்டாம். அது பொருந்தி, டேக் மட்டும் பொருந்தாவிட்டால், வேண்டுமென்றே மாற்றப்பட்ட கோப்பு என்ற அரிதான நிலையைத் தவிர, கடவுச்சொல்தான் தவறு. இந்தச் சுருக்கம் இரகசியம் எதையும் வெளியிடாது. திருத்தியவரால் அதையும் மாற்றி எழுத முடியும் என்பதால் டேக்குக்கு அது மாற்றும் ஆகாது.

அம்பை மண்டிக்கணக்கு

இருவருக்கும் மனமார்ந்த நன்றி. தனித்தனியாகப் பிடித்துப் பார்த்தபோது, புதிய கணினியில் வருவது பேட்பேடிங் எக்ஸெப்ஷன் என்று உறுதியாயிற்று. நீளப் பிழை இல்லை; கோப்பின் ஷா-256 சுருக்கமும் இரண்டு கணினிகளிலும் ஒன்றாகவே இருக்கிறது. ஆகவே கோப்பில் குறையில்லை.

ஆனால் பழைய கணினியில் சோதித்தபோது விளங்காத ஒன்று தென்பட்டது. மண்டியில் கடவுச்சொல்லைத் தமிழிலேயே வைத்திருக்கிறார்கள். அந்தக் கணினியில், அதே கோப்புக்கு முற்றிலும் வேறான ஒரு தமிழ்ச் சொல்லைக் கொடுத்தபோதும் கோப்பு திறந்தது. குப்பையாக அன்று, முழுக் கணக்கும் பிழையின்றித் திறந்தது. இது 256-க்கு ஒன்று என்ற கணக்கில் அடங்காது அல்லவா?

பதில்: பாளை எழுத்தாய்வு

அடங்காது. குப்பை வந்திருந்தால் தற்செயல் எனலாம். முழுக் கணக்கும் வந்தது என்றால் இரண்டு சொற்களுக்கும் ஒரே சாவி உருவாகியிருக்கிறது. நிரலில் கடவுச்சொல்லைப் பைட்டுகளாக மாற்றும் வரியைப் பாருங்கள். கெட்பைட்ஸ் என்ற அழைப்பில் அடைப்புக்குறிக்குள் ஏதும் கொடுக்கப்படாமல் இருக்கும் என்று உறுதியாக நம்புகிறேன்.

அப்படி வெறுமையாக அழைத்தால், ஜாவா 17 வரை அது இயங்குதளத்தின் இயல்பான எழுத்துக் குறியீட்டை எடுத்துக்கொள்ளும். நம் ஊரில் ஆங்கில அமைப்பில் இயங்கும் விண்டோஸ் கணினிகளில் அது பெரும்பாலும் விண்டோஸ்-1252. அந்தக் குறியீட்டில் தமிழ் எழுத்து ஒன்றுகூட இல்லை. இல்லாத எழுத்து ஒவ்வொன்றுக்கும் ஜாவா ஒரு கேள்விக்குறியை வைத்துவிடும். 2022-இல் வெளிவந்த ஜாவா 18 முதல் எல்லா இயங்குதளங்களிலும், தமிழ் எழுத்துகளையும் கொள்ளும் யூடிஎஃப்-8 குறியீடு இயல்பானதாக ஆக்கப்பட்டது. புதிய கணினியில் ஜாவா 21 இருப்பதால், அங்கே அதே கடவுச்சொல் உண்மையான தமிழ் பைட்டுகளாக மாறுகிறது, சாவி வேறாகிறது, கோப்பு மறுக்கிறது.

எடுத்துக்காட்டாக, வண்ணாரப்பேட்டை, சிந்துபூந்துறை என்ற நம் ஊர்ப் பகுதிகள் இரண்டின் பெயர்களை எடுத்துக்கொள்ளுங்கள். முதலாவதை யூனிகோட் குறிகளாகப் பிரித்தால் வகரம், ணகரம், புள்ளி, ணகரம், கால், ரகரம், பகரம், புள்ளி, பகரம், ஏகாரக் கொம்பு, டகரம், புள்ளி, டகரம், ஐகாரக் குறி என 14 குறிகள். இரண்டாவதைப் பிரித்தாலும் 14. பழைய கணினியில் இரண்டும் 14 கேள்விக்குறிகளாக மாறி, ஒரே ஷா-256 மதிப்பைத் தந்து, ஒரே சாவியாகும். நீங்கள் கொடுத்த வேறு சொல்லும் மண்டியின் கடவுச்சொல்லும் குறிகளின் எண்ணிக்கையில் ஒத்திருக்கும், எண்ணிப் பாருங்கள். கடவுச்சொல்லை மட்டும் இங்கே எழுதவேண்டாம்.

இதைத் திருத்த, பைட்டாக மாற்றும் இடத்தில் யூடிஎஃப்-8 என்று வெளிப்படையாகக் குறிப்பிடவேண்டும். தமிழுக்கு அதுவும் போதாது. கொக்கிரகுளம் என்ற சொல்லின் முதல் எழுத்தான "கொ" இரண்டு வகையில் சேமிக்கப்படலாம். ககரத்துடன் 3018 என்ற எண்ணுள்ள ஒகரக் குறி ஒன்றே சேர்வது ஒரு வகை. ககரத்துடன் 3014 என்ற எகரக் கொம்பும் 3006 என்ற காலும் தனித்தனியாகச் சேர்வது மற்றொரு வகை. திரையில் இரண்டும் ஒன்றுபோலவே தெரியும். யூடிஎஃப்-8 பைட்டுகளில் முழுச் சொல்லும் முதல் வகையில் 36 பைட்டு, இரண்டாவது வகையில் 39 பைட்டு. தட்டச்சு முறையைப் பொறுத்தும், பழைய எழுத்துருவிலிருந்து மாற்றும் கருவியைப் பொறுத்தும் இரண்டில் எதுவும் வரலாம். மண்டியில் ஒரு முறையிலும் தணிக்கையாளர் அலுவலகத்தில் வேறொரு முறையிலும் தட்டச்சு செய்தால், இருவரும் சரியான கடவுச்சொல்லையே அடித்தும் ஒருவருக்குத் திறக்காது. அந்த நிலையில் "கடவுச்சொல் தவறு" என்று சொல்வது அவருக்கு இழைக்கும் அநீதி என்றே நான் கருதுகிறேன்.

இதற்கென்றே யூனிகோடில் இயல்பாக்க வடிவங்கள் உள்ளன. ஜாவாவின் நார்மலைசர் வகுப்பால் என்எஃப்சி வடிவத்துக்கு மாற்றினால், கொம்பும் காலும் சேர்ந்து ஒரே ஒகரக் குறியாகிவிடும். ஓகாரமும் ஔகாரமும் அவ்வாறே. கடவுச்சொற்களைப் பன்னாட்டு எழுத்துகளில் கையாள்வதற்கு 2017-இல் வெளிவந்த ஆர்எஃப்சி 8265 என்ற வரையறையும் என்எஃப்சியையே விதிக்கிறது. மறையாக்கத்திலும் மறைநீக்கத்திலும் ஒரே பொதுச் செயற்கூறு வழியாகவே கடவுச்சொல் பைட்டாகவேண்டும். இரண்டு இடங்களில் தனித்தனியாக எழுதினால் என்றாவது ஒன்று மாறிவிடும்.

இயல்பாக்கத்தால் தீராத ஒன்றும் உண்டு. ஔகார உயிரெழுத்துக்கு 2964 என்ற தனி எண் இருக்கிறது. பலர் அதற்குப் பதிலாக ஒகரத்தையும் ளகரத்தையும் அடுத்தடுத்து அடிக்கிறார்கள். பார்வைக்கு வேறுபாடு தெரிவதில்லை. யூனிகோடைப் பொறுத்தவரை அவை இரண்டு வேறு எழுத்துகள் என்பதால் என்எஃப்சி அவற்றை இணைக்காது. கண்ணுக்குத் தெரியாத பூச்சிய அகல எழுத்துகளும், செய்தியிலிருந்து நகலெடுக்கும்போது பின்னால் ஒட்டிக்கொண்டு வரும் இடைவெளியும் இந்த வகையைச் சேர்ந்தவையே. இவற்றை நிரல் ஓசையின்றி நீக்குவதை நான் ஏற்கவில்லை, ஏனெனில் நீக்கும் விதி பின்னாளில் மாறினால் பழைய கோப்புகள் பூட்டப்பட்டுவிடும். கடவுச்சொல்லை முதன்முதலில் அமைக்கும்போதே இத்தகைய குறிகள் இருந்தால் ஏற்க மறுத்து, காரணத்தைச் சொல்லிவிடுவது நல்லது. தட்டச்சு செய்ததைக் காட்டும் பொத்தானும் தமிழ்க் கடவுச்சொல்லுக்கு இன்றியமையாதது; புள்ளிகளை மட்டும் பார்த்துக்கொண்டு கூட்டெழுத்தைப் பிழையின்றி அடிப்பது எளிதன்று.

பதில்: பேட்டை நிரலர்

எழுத்தாய்வு அக்கா கண்டுபிடித்ததற்கு முன் என் 256 கணக்கு சிறியதே. மிக அருமையான விளக்கம்.

பிழைச் செய்தியைப் பற்றித் தென்காசிச் சாரலுடன் ஓரிடத்தில் வேறுபடுகிறேன். கோப்புச் சிதைவையும் கடவுச்சொல் பிழையையும் பிரித்துச் சொல்வது, மண்டியின் மேசையில் இருக்கும் கணினிக்குச் சரி. இதே நிரலை நாளை இணையச் சேவையாக மாற்றினால் அது கூடாது. செர்ஜ் வோதனே என்ற மறையாக்க ஆய்வாளர் 2002-இல் காட்டியதுபோல, சிபிசி பாங்கில் பேடிங் பிழையா, வேறு பிழையா என்பதை வெளியாள் அறிய முடிந்தாலே, சாவி தெரியாமல் தரவைப் பைட்டு பைட்டாகப் படித்துவிட முடியும். 2010-இல் மைக்ரோசாஃப்டின் ஏஎஸ்பி டாட்நெட் என்ற வலைத்தள மென்பொருளில் இதே வழியிலான தாக்குதல் வெளியாகி, அவசரத் திருத்தம் வெளியிட வேண்டியதாயிற்று. எனவே வலைவழிச் சேவையில் எல்லாத் தோல்விக்கும் ஒரே பதில், ஒரே கால அளவு. காரணத்தைச் சேவையகத்தின் பதிவேட்டில் மட்டும் எழுதலாம்.

அந்தப் பதிவேட்டில் பயனர் அடித்த தவறான கடவுச்சொல்லை ஒருபோதும் எழுதாதீர்கள். தவறாக அடிக்கப்பட்டது பெரும்பாலும் சரியான கடவுச்சொல்லிலிருந்து ஓர் எழுத்து மட்டுமே மாறியதாக இருக்கும். அதைப் படிப்பவருக்கு மற்றதை ஊகிப்பது கடினமில்லை.

பதில்: தென்காசிச் சாரல்

இணையச் சேவைக்கு அது முற்றிலும் சரி, ஏற்கிறேன். ஜிசிஎம்மிலும் ஓர் எச்சரிக்கை உண்டு. ஒரே மறையாக்கத் தரவு இரண்டு வேறு சாவிகளுக்கும் செல்லும்படி வேண்டுமென்றே உருவாக்க முடியும் என்பதால், தாக்குபவர் தானே தயாரித்த கோப்பைச் சேவையகத்துக்கு அனுப்பிக் கடவுச்சொல்லைத் தேடும் வழியை 2021-இல் ஆய்வாளர்கள் விளக்கியிருக்கிறார்கள். மண்டியின் சொந்தக் கோப்பை மண்டியே திறக்கும் நிலையில் அது பொருட்டன்று.

அம்பை மண்டிக்கணக்கு

எண்ணிப் பார்த்தேன், இரண்டு சொற்களிலும் குறிகளின் எண்ணிக்கை ஒன்றே. கெட்பைட்ஸ் அழைப்பும் வெறுமையாகவே இருக்கிறது. புதிய கணினியில் விண்டோஸ்-1252 என்று வெளிப்படையாகக் கொடுத்துப் பார்த்ததும் பழைய கோப்புகள் திறந்துவிட்டன. புதிய கோப்புகளுக்கு ஜிசிஎம்மும் என்எஃப்சியும் எழுதத் தொடங்கியிருக்கிறேன். பல பருவங்களின் பழைய கோப்புகளைப் புதிய வடிவத்துக்கு மாற்றும்போது எதில் கவனம் வேண்டும்?

பதில்: பாளை எழுத்தாய்வு

முதலில் மண்டியின் உரிமையாளரிடம் சொல்லவேண்டிய செய்தி ஒன்று இருக்கிறது. அந்தப் பழைய கோப்புகளுக்குக் கடவுச்சொல்லே இல்லை என்று கருதவேண்டும். இந்த நிரலின் முறையை அறிந்த ஒருவர், ஒன்று முதல் முப்பது வரை கேள்விக்குறிகளை முயன்றாலே அவை திறந்துவிடும். கணினிக்கு அது ஒரு நொடி வேலைகூட இல்லை.

மாற்றும் நிரலைத் தனியாக எழுதுங்கள். பழைய முறை அன்றாட நிரலுக்குள் ஒருபோதும் நுழையக் கூடாது. பழைய கோப்பில் டேக் இல்லாததால், பிழை வராமல் திறந்தது என்பதை மட்டும் நம்பாதீர்கள். முதல் வரியில் நெடுவரிசைத் தலைப்புகள் எதிர்பார்த்தபடி இருக்கின்றனவா என்று பார்த்தால் சாவி சரி என்பது உறுதியாகும். நடுவில் சிதைவு உண்டா என்பதற்கு அது விடை தராது. அதற்கு ஒவ்வொரு வரியின் தொகையையும் கூட்டி, கோப்பின் இறுதியில் உள்ள மொத்தத்துடனும், மண்டியில் அச்சிட்டு வைத்திருக்கும் பேரேட்டின் மொத்தத்துடனும் ஒப்பிடுங்கள். தொகைகள் ஒத்தபின் புதிய கோப்பை எழுதி, அதையே மீண்டும் திறந்து, உள்ளடக்கம் பைட்டுக்குப் பைட்டு ஒன்றாக இருப்பதைச் சோதித்த பிறகே பழையதை அகற்றவேண்டும்.

பென் டிரைவில் அழித்த கோப்பு உண்மையில் அழிவதில்லை. மேலெழுதினாலும் அதே நினைவகப் பகுதியில் எழுதப்படும் என்பதற்கு உறுதி கிடையாது. எனவே பழைய பென் டிரைவுகளை வேறு பயனுக்குக் கொடுக்காமல் உடைத்துவிடுவதே சரி. தணிக்கையாளர் அலுவலகத்திலும் மின்னஞ்சலிலும் நகல்கள் இருந்தால் அவற்றையும் பட்டியலிட்டு அகற்றச் சொல்லுங்கள். புதிய கடவுச்சொல்லைக் கோப்புடன் அதே பென் டிரைவில் அனுப்பாமல், நேரிலோ தொலைபேசியிலோ தெரிவியுங்கள்.